கால் தெரிய எடுத்த படங்கள்

ஆசிரியர் அவர்களுக்கு வணக்கம்.

சினிமா பிறந்த கதையைப் பற்றி உங்கள் ஞாயிறு இணைப்பில் வந்த கட்டுரையைப் படித்தேன். ரயில் வந்து நிற்கும் படம், தோட்டக்காரர் முகத்தில் தண்ணீர் பீய்ச்சியடிக்கும் படம், அப்புறம் பிரெஞ்சுக்காரர் மெலியேஸின் நிலாப் படம் என்று வரிசையாக நன்றாகவே சொல்லியிருந்தார்கள். ஒரே ஒரு இடம்தான் மனதை உறுத்துகிறது. ஆட்டக்காரிகளும் வித்தை காட்டும் பிராணிகளும் வந்துபோகிற துண்டுப் படங்கள்தான் ஆரம்பத்தில் இருந்தன, கதை இல்லாததால் அவற்றைச் சினிமா என்றே சொல்ல முடியாது என்ற பொருளில் ஒரே வரியில் தள்ளிவிட்டுப் போய்விட்டார்கள். அந்தத் துண்டுப் படங்களுக்காகத்தான் இந்தக் கடிதம்.

நான் உடுமலைப்பேட்டையில் வீடியோ எடுக்கிறவன். கல்யாணம், சீர், காதுகுத்து, கும்மி அரங்கேற்றம், நோம்பி என்று நாங்கள் சொல்கிற ஊர்த் திருவிழா எல்லாம் எடுப்பேன். வி.எச்.எஸ். கேசட் காலத்தில் தோளில் கேமராவைத் தூக்கியவன், இன்றைக்கு ட்ரோனும் கிம்பலும் வைத்திருக்கிறேன். வேலை இல்லாத ஆடி மாதத்தில் ஸ்டுடியோவில் உட்கார்ந்து அந்தப் பழைய படங்களை ஒவ்வொன்றாகப் பார்ப்பது என் வழக்கம். அமெரிக்காவின் காங்கிரஸ் நூலகம் அவற்றில் நிறையப் படங்களை இணையத்தில் இலவசமாகவே போட்டு வைத்திருக்கிறது. ஆட்டத்தைப் படம் எடுத்துப் பிழைக்கிறவன் கண்ணால் பார்த்துச் சொல்கிறேன், அந்தப் படங்களில் கற்றுக்கொள்ள வேண்டியது ஏராளம்.

முதலில் அவை எடுக்கப்பட்ட இடத்தைச் சொல்ல வேண்டும். நியூ ஜெர்சியில் வெஸ்ட் ஆரஞ்சு என்ற ஊரில் எடிசனின் ஆய்வுக்கூடம் இருந்தது. அங்கே 1893ல் டிக்சன் என்பவர் பொறுப்பில் ஒரு கொட்டகை கட்டினார்கள். அதற்கு 637 டாலர் 67 சென்ட் செலவு என்று கணக்கு இருக்கிறது. உள்ளேயும் வெளியேயும் கறுப்புத் தார்க் காகிதம் அடித்த கொட்டகை அது. 'பிளாக் மரியா' என்று வேலைக்காரர்கள் பெயர் வைத்தார்கள். படம் எடுக்கும் அளவுக்கு மின்விளக்கு அன்றைக்கு இல்லாததால் கூரையில் ஒரு பகுதியைத் திறந்து வெயிலை உள்ளே விட்டார்கள். வெயில் நகர நகர, கொட்டகையையே வட்டமான தண்டவாளத்தின் மேல் திருப்பினார்கள்! கேமராவோ ஆள் தூக்க முடியாத கனம். அது ஓர் இடத்தில் நிற்கும். ஆடுகிறவர் அதற்கு முன்னால் வந்து நிற்க வேண்டும்.

ஃபிலிம் 50 அடிக்குள் இருந்தது. அடிக்கு 16 ஃபிரேம். வினாடிக்கு 40 ஃபிரேம் வரைக்கும் ஓட்டினார்கள். கணக்குப் போட்டால் 20 வினாடி. அந்த 20 வினாடிக்குள் ஆட்டக்காரி தன் வித்தை முழுவதையும் காட்டிவிட வேண்டும். இரண்டாவது கேமரா கிடையாது, வெட்டி ஒட்டுவது கிடையாது. இதனால் என்ன ஆயிற்று என்றால், தலை உச்சியிலிருந்து பாதம் வரை ஆள் முழுசாகப் படத்துக்குள் இருக்கிறார். பின்னால் கறுப்புத் திரை, முன்னால் வெயில். கையின் ஓட்டமும் காலின் ஓட்டமும் ஒன்றோடொன்று எப்படிச் சேர்கின்றன என்பதை அப்படியே பார்க்கலாம்.

கார்மென்சிட்டா என்ற ஸ்பானிய ஆட்டக்காரி 1894 மார்ச்சில் அங்கே வந்து ஆடினார். நியூயார்க் மேடைகளில் அப்போது பெரும் பெயர். எடிசன் கேமராவுக்கு முன்னால் ஆடிய முதல் பெண் அவராகத்தான் இருக்க வேண்டும் என்கிறார்கள். படத்தில் அவர் சுழன்று திரும்பும்போது பாவாடை ஒரு கணம் தாமதித்துத் திரும்பும். காலை முன்னால் வீசி, உடம்பைப் பின்னால் வளைத்து, கடைசியில் குனிந்து நிமிர்வார். என் மகள் பள்ளி விழாக்களில் கும்மி ஆடுகிறவள். அவள் இதைப் பார்த்துவிட்டு, "அப்பா, அந்தம்மா மூச்சு வாங்கறது தெரியுது பாருங்க" என்றாள். நூற்று முப்பது வருஷத்துக்கு முந்தைய ஒரு பெண்ணின் மூச்சு உடுமலையில் ஒரு ஸ்டுடியோவில் தெரிகிறது. கதை இல்லை என்பதால் இது சினிமா இல்லையா?

அதே வருஷம் அன்னபெல் விட்ஃபோர்டு என்ற பதின்பருவப் பெண்ணின் வண்ணத்துப்பூச்சி நடனத்தை எடுத்தார்கள். அவருடைய பாம்பு நடனமும் உண்டு. பெண் ஒருத்தி பாம்பு போல ஆடுவதல்ல, கெஜக்கணக்கான துணியை உடம்பைச் சுற்றி அலையலையாக வீசும் ஆட்டம் அது. அந்தப் படங்களுக்கு ஃபிரேம் ஃபிரேமாகக் கையாலேயே வண்ணம் தீட்டினார்கள். துணி மஞ்சளாகி, பச்சையாகி, சிவப்பாகி மாறும். வண்ணப் படம் பிற்காலத்துச் சமாச்சாரம் என்று நினைத்துக்கொண்டிருக்கிறவர்களுக்கு இதைக் காட்ட வேண்டும்.

இந்தப் பாம்பு நடனத்தை மேடைக்குக் கொண்டுவந்தவர் லோயி ஃபுல்லர் என்ற அமெரிக்கப் பெண். துணியின் மேல் வண்ண மின்விளக்குகளைப் பாய்ச்சி ஆடினார். எல்லோரும் அதைக் காப்பியடிக்க ஆரம்பித்ததும், 1892ல் இன்னொரு ஆட்டக்காரியைத் தடுக்கச் சொல்லி நியூயார்க்கில் வழக்குப் போட்டார். நீதிமன்றம் மறுத்துவிட்டது. இந்த ஆட்டத்தில் கதை இல்லை, பாத்திரம் இல்லை, ஆகவே இது நாடகப் படைப்பு ஆகாது, உரிமை தர முடியாது என்பதுதான் தீர்ப்பின் சாரம். ஆசிரியர் அவர்களே, உங்கள் கட்டுரையாளர் சொன்னதும் அதே வாதம்தான். அந்தத் தீர்ப்பால் ஃபுல்லருக்குத்தான் நஷ்டம். யார் வேண்டுமானாலும் ஆடலாம் என்று ஆகிவிட்டதால், அவருடைய ஆட்டத்தை அவர் பெயர் இல்லாமலே ஊர் ஊராக ஆடினார்கள், கம்பெனி கம்பெனியாகப் படமும் எடுத்தார்கள். பிரான்சின் லூமியேர் கம்பெனி எடுத்த பாம்பு நடனத்தை இன்றைக்கும் பலர் லோயி ஃபுல்லர் என்று தலைப்பிட்டுப் பகிர்கிறார்கள். அதில் ஆடுவது அவர் அல்ல.

அந்த லூமியேர் படத்தை எங்கள் பக்கத்தில் உருமி வாசிக்கிற ஒரு பெரியவருக்குப் போனில் காட்டினேன். எழுபது வயதுக்கு மேல் இருக்கும். இளம் வயதிலிருந்து சலகெருது என்கிற எங்கள் பக்கத்துக் காளை ஆட்டத்துக்கு வாசிக்கிறவர். கண்ணாடியை நெற்றிக்கு ஏற்றிவிட்டு, போனை மூக்குக்குப் பக்கத்தில் வைத்துக்கொண்டு பார்த்தார். இரண்டாம் முறை போடச் சொன்னார். அப்புறம் சொன்னார்: "இந்தப் புள்ள துணிக்குள்ள குச்சி வெச்சிருக்குது கண்ணு. கை போற தூரத்தப் பாரு, துணி போற தூரத்தப் பாரு. குச்சி இல்லாம அவ்வளவு தூரம் போவாது."

நான் அசந்துபோனேன். அதுதான் உண்மை. துணிக்குள் நீளக் குச்சிகளை வைத்துக் கையின் நீளத்தைக் கூட்டுவதுதான் ஃபுல்லரின் உத்தி. அப்படிப்பட்ட ஆட்ட உடைக்கு 1894ல் அமெரிக்காவில் காப்புரிமையே வாங்கியிருக்கிறார். எந்தப் புத்தகமும் படிக்காத ஒரு உருமிக்காரர் ஒரு நிமிடம்கூட ஓடாத படத்தில் அதைக் கண்டுபிடித்துவிட்டார். கேமரா அசையாமல் நின்றதாலும், ஆள் முழுசாகத் தெரிந்ததாலும்தான் அது முடிந்தது.

அதே பெரியவருக்குச் சென்ற பொங்கலுக்கு யாரோ எடுத்துச் சுற்றலில் விட்ட சலகெருது ரீல்ஸ் ஒன்றையும் காட்டினேன். நன்றாக உழைத்து எடுத்த வீடியோதான். மேலே ட்ரோன், கீழே ஸ்லோமோஷன், எருதின் கண்ணுக்கு ஒரு குளோசப், புழுதிக்கு ஒரு குளோசப், பின்னணியில் ஒரு சினிமாப் பாட்டு. பார்த்து முடித்துவிட்டுப் பெரியவர் கேட்டது ஒன்றே ஒன்று: "ஏங்கண்ணு, எருதோட காலெங்க?"

வெளியூர் வாசகர்களுக்காகச் சலகெருது ஆட்டத்தைப் பற்றிக் கொஞ்சம் சொல்கிறேன். உடுமலை வட்டாரக் கிராமங்களில் சாமிக்கென்று விட்ட காளையை மார்கழி மாதம் முழுக்க இரவு நேரத்தில் பழக்குவார்கள். தை பிறந்ததும் சோமவாரப்பட்டி ஆல்கொண்டமால் கோயிலுக்கு அழைத்துப் போவார்கள். மால கோயில் என்று நாங்கள் சொல்வோம். மாடு கன்று நன்றாக இருக்க வேண்டி மண்ணில் செய்த உருவ பொம்மைகளான உருவாரங்கள் வைத்து, கறந்த பாலைக் கொண்டுபோய் ஊற்றுகிற கோயில் அது. ஆட்டத்தில் நீள மூங்கில் குச்சியோடு இளவட்டங்கள் காளைக்கு எதிரே நிற்பார்கள். உருமி முழங்கும். குச்சியைக் குறுக்கே காட்டிக் காட்டி அவர்கள் பின்னால் அடி வைக்க, காளை அவர்களை நோக்கி அடி எடுத்து வைக்கும். அடி மாறினால் எருதும் மாறும். உருமி நின்றால் எருதும் நிற்கும். மார்கழிப் பனியில் ஊர்க் களத்தில் நின்று பார்த்திருக்கிறேன். மனுசன் காலும் மாட்டுக் காலும் ஒரே தாளத்துக்கு வந்து சேர்கிற அந்த நேரத்தில் சுற்றி நிற்கிற கூட்டம் தானாகவே சத்தம் போடும். அந்தச் சேர்க்கைதான் ஆட்டம். எருதின் கண்ணைத் தனியாகவும் ஆளின் வேர்வையைத் தனியாகவும் வெட்டிக் காட்டினால் அழகாக இருக்கும், ஆனால் ஆட்டம் அங்கே இருக்காது.

சரி, பிராணிகள் விஷயத்துக்கு வருகிறேன். அதையும் நான் மறைக்க விரும்பவில்லை.

1894ல் அதே பிளாக் மரியாவில் இரண்டு பூனைகளுக்குக் குத்துச்சண்டை உறை மாட்டிச் சண்டை போடவிட்டு எடுத்தார்கள். வெல்டன் என்கிறவர் நடத்திய பூனை சர்க்கஸ் அது. குட்டி ரிங்குக்குப் பின்னால் வெல்டன் நின்றுகொண்டு சிரிப்பது படத்தில் தெரியும். சேவல் சண்டையும் எடுத்தார்கள். பூலாம்வலசுச் சேவற்கட்டைப் பார்த்தவர்களுக்கு அதில் விளக்கம் தேவைப்படாது. பாவாடை கட்டிய நாயை ஆடவிட்டும் ஒரு படம் எடுத்தார்கள். பெர்லினில் ஸ்கிளாடனோவ்ஸ்கி சகோதரர்கள் 1895 நவம்பர் 1ஆம் தேதி வின்டர்கார்டன் அரங்கில் காசு வாங்கிக்கொண்டு படம் காட்டினார்கள். அந்த நிகழ்ச்சியில் ஆளோடு குத்துச்சண்டை போடும் கங்காரு உண்டு, குழந்தைகள் ஆடும் இத்தாலிய நாட்டுப்புற ஆட்டம் உண்டு, ரஷ்ய ஆட்டம் உண்டு, பாம்பு நடனமும் உண்டு. லூமியேர் சகோதரர்கள் பாரிஸில் காசு வாங்கிக்கொண்டு படம் காட்டியது டிசம்பர் 28. அதற்கு ஏறக்குறைய இரண்டு மாதம் முன்னாலேயே பெர்லின் ஜனங்கள் திரையில் கங்காருவைப் பார்த்துவிட்டார்கள். உங்கள் கட்டுரையில் இதையாவது சேர்த்திருக்கலாம்.

இந்தப் பிராணிகள் விரும்பி ஆடியவை அல்ல. பூனை தானாகக் கையுறை மாட்டாது. டாப்ஸி என்ற பெண் யானை பல வருஷம் சர்க்கஸில் வித்தை காட்டியது. அதற்கு முரடு என்று பெயர் வாங்கிக் கொடுத்து, 1903 ஜனவரி 4ஆம் தேதி நியூயார்க் கோனி ஐலண்டில் விஷமும் வைத்து, மின்சாரமும் பாய்ச்சிக் கொன்றார்கள். அதை எடிசன் கம்பெனி படம் பிடித்தது. அந்தப் படத்தை நான் முழுசாகப் பார்த்தேன், மறுபடி பார்க்க மாட்டேன். ஆனால் அந்தப் படம் இருப்பது அவசியம் என்று நினைக்கிறேன். நடந்ததைக் கேமரா பதிந்து வைத்ததால் அது சாட்சி. வித்தையைப் புகழ்கிறவனுக்கும் அதில் பதில் இருக்கிறது, வித்தை கூடாது என்கிறவனுக்கும் அதில் ஆதாரம் இருக்கிறது. நம் நாட்டில் கரடி, குரங்கு, புலி, சிறுத்தை, சிங்கம் ஆகியவற்றைப் பழக்கி வித்தை காட்டக் கூடாது என்று 1998ல் அரசு அறிவிக்கை வந்தது. நல்ல காரியம்தான். குரங்காட்டியின் கோலுக்குப் பயந்து குட்டிக்கரணம் போட்ட குரங்கைச் சந்தைப்பேட்டையில் பார்த்து வளர்ந்த எங்களுக்கு அதில் வருத்தமில்லை.

சலகெருதைப் பற்றியும் நாளைக்கு யாராவது கேட்கலாம், மாட்டைத் துன்புறுத்துகிறீர்களா என்று. கேட்கட்டும். குச்சி மாட்டின் மேல் படுகிறதா, மறிக்க மட்டும்தான் பயன்படுகிறதா, மாடு மிரண்டு ஓடுகிறதா, தாளத்துக்கு வருகிறதா என்பதை ஒரு முழு ஆட்டத்தை அசையாத கேமராவில் வெட்டாமல் எடுத்திருந்தால் யாரும் உட்கார்ந்து பார்த்து முடிவு செய்யலாம். ரீல்ஸ் வீடியோவை வைத்துக்கொண்டு எந்தப் பக்கமும் எதையும் நிரூபிக்க முடியாது.

நம் நாட்டில் முதன்முதலில் எடுத்த படங்களும் இந்த வகைதான் என்பதை நிறையப் பேர் மறந்துவிட்டார்கள். 1896 ஜூலை 7ஆம் தேதி பம்பாய் வாட்சன் ஓட்டலில் லூமியேர் படங்களைக் காட்டியபோது வாய் பிளந்து பார்த்தவர்களில் பாட்வடேகர் என்ற போட்டோக்காரர் ஒருவர். அவர் இங்கிலாந்திலிருந்து கேமரா வரவழைத்து 1899ல் மல்யுத்தம் ஒன்றை எடுத்தார். அடுத்ததாக எடுத்தது என்ன தெரியுமா? சர்க்கஸ் குரங்கைப் பழக்கும் காட்சி. கல்கத்தாவில் ஹீராலால் சென் மேடை நாடகத்து நடனங்களை எடுத்தார். ஆக, மல்யுத்தம், குரங்கு, நடனம். இந்திய சினிமாவின் அரிச்சுவடி இதுதான். ஒன்றையும் இன்று பார்க்க முடியாது. பாட்வடேகர் படங்கள் இல்லை. ஹீராலால் சென் எடுத்ததெல்லாம் 1917ல் ஒரு தீயில் போய்விட்டது. அந்தக் கால ஃபிலிம் நைட்ரேட் ஃபிலிம். பற்றிக்கொண்டால் தண்ணீர் ஊற்றினாலும் அணையாது.

அமெரிக்கப் படங்கள் எப்படிப் பிழைத்தன? அது தனிக்கதை. 1912 வரைக்கும் அங்கே சினிமாவுக்கென்று தனியாகப் பதிப்புரிமைச் சட்டம் இல்லை. புகைப்படத்துக்கு உண்டு. அதனால் கம்பெனிக்காரர்கள் படம் முழுவதையும் நீளமான புகைப்படக் காகிதச் சுருளில் பிரின்ட் போட்டு, இது புகைப்படம்தான் என்று அரசாங்கத்தில் பதிவு செய்தார்கள். ஃபிலிம் எரிந்தும் மக்கியும் போனது. காகிதம் காங்கிரஸ் நூலகத்தில் கிடந்தது. 1950களில் அந்தக் காகிதச் சுருள்களை ஃபிரேம் ஃபிரேமாகத் திரும்ப ஃபிலிமுக்கு மாற்றினார்கள். சுமார் 3,000 படங்கள் அப்படி மீண்டன. யாரும் கலையைக் காப்பாற்ற நினைத்துச் செய்ததல்ல. உரிமைக்காக ஆபீசில் கொடுத்த காகிதம் கலையைக் காப்பாற்றிவிட்டது. தலைப்பும் தேதியும் கம்பெனிப் பெயரும் அந்தப் பதிவோடேயே கிடைத்தன என்பதுதான் எனக்கு முக்கியமாகப் படுகிறது.

பெயர் விஷயம் இதனால்தான் முக்கியம். 1894 செப்டம்பர் 24ஆம் தேதி, பஃபலோ பில் நடத்திய காட்சிக் குழுவிலிருந்து சூ என்கிற அமெரிக்கப் பழங்குடி ஆட்டக்காரர்கள் பிளாக் மரியாவுக்கு வந்தார்கள். எருமை நடனம் என்ற படத்தில் ஆடிய மூவரின் பெயர் இருக்கிறது: ஹேர் கோட், பார்ட்ஸ் ஹிஸ் ஹேர், லாஸ்ட் ஹார்ஸ். அதற்கு நாலு வருஷம் முன்னால்தான், 1890 டிசம்பரில், வூண்டட் நீ என்ற இடத்தில் அவர்கள் இனத்தாரை ராணுவம் கூட்டமாகச் சுட்டுக் கொன்றிருந்தது. அந்த மூன்று பேரில் ஒருவர் ஆடும்போது கேமராவைத் திரும்பிப் பார்ப்பார். பெயர் தெரிந்திருப்பதால்தான் அது வெறும் பழங்குடி ஆட்டமாக இல்லாமல் மூன்று மனிதர்களின் ஆட்டமாக இருக்கிறது.

இதையெல்லாம் கொங்கு நாட்டில் உட்கார்ந்துகொண்டு சொல்ல எனக்கு ஓர் உரிமை இருக்கிறது. தென்னாட்டுக்குச் சினிமாவை ஊர் ஊராகத் தூக்கிக்கொண்டு போனவர் கோயமுத்தூர்க்காரர். சாமிக்கண்ணு வின்சென்ட் திருச்சியில் ரயில்வேயில் வேலை பார்த்தபோது, 1905ல் துபாண்ட் என்ற பிரெஞ்சுக்காரரிடமிருந்து புரொஜெக்டரையும் படங்களையும் விலைக்கு வாங்கி, வேலையை விட்டுவிட்டுக் கூடாரத்தோடு கிளம்பினார். 1914ல் கோவையில் வெரைட்டி ஹால் கட்டினார். வெரைட்டி ஹால் ரோடு என்று இன்றைக்கும் பஸ்ஸில் சொல்லி இறங்குகிறோமே, அது அவர் கொட்டகையின் பெயர்தான். அப்புறம் சாண்டோ சின்னப்பா தேவர். கோவை இராமநாதபுரத்துக்காரர். யானையையும் ஆட்டையும் பாம்பையும் வைத்துத் தமிழ்நாட்டையும் பம்பாயையும் கொட்டகைக்கு இழுத்தவர். அவர் பெயருக்கு முன்னால் இருக்கிற சாண்டோ, யூஜின் சாண்டோ என்ற ஜெர்மானிய பயில்வானிடமிருந்து வந்தது. அந்தப் பயில்வான் 1894 மார்ச்சில் அதே பிளாக் மரியாவில் நின்று புஜத்தை முறுக்கிக் காட்டிய படம் இன்றும் இருக்கிறது. தேவருக்கு அந்தப் படம் கிடைத்திருந்தால் எவ்வளவு சந்தோஷப்பட்டிருப்பார் என்று நினைத்துக்கொள்வேன்.

இவ்வளவு பெரிய பாரம்பரியம் உள்ள ஊரில் எங்கள் ஆட்டங்களின் நிலைமை என்ன? வள்ளி ஒயில் கும்மியைக் காப்பாற்றி, பெண்களையும் ஆட அழைத்துவந்த மேட்டுப்பாளையம் பக்கத்துப் பத்ரப்பன் ஐயாவுக்கு 2024ல் பத்மஸ்ரீ கிடைத்தது. அதற்கப்புறம் கும்மிக் குழுக்களைப் பற்றி நிறையச் செய்தி வருகிறது. மகிழ்ச்சி. ஊருக்கு ஊர் அரங்கேற்றம் நடக்கிறது, எனக்கும் அதில் வேலை கிடைக்கிறது. ஆனால் எடுத்து வைக்கிற வீடியோக்களில் ஒரு பாட்டு ஆரம்பத்திலிருந்து முடிவு வரை முழுசாக இருப்பது அரிது. பெருஞ்சலங்கை ஆட்டத்தில் காலில் கட்டியிருக்கிற சலங்கையின் கனமும் சத்தமும்தான் உயிர். சத்தத்தை எடுத்துவிட்டு எடிட்டிங்கில் வேறு பாட்டு ஏற்றிவிடுகிறார்கள். பார்ட்டி அப்படித்தான் கேட்கிறது என்பார்கள். பார்ட்டிக்கு அப்படியே கொடுங்கள், நான் தடுக்கவில்லை. அதோடு ஸ்டாண்டில் இன்னொரு கேமராவை ஓரமாக நிறுத்தி, தலையும் காலும் தெரிகிற மாதிரி வைத்து, சொந்தச் சத்தத்தோடு ஒரு ஆட்டத்தை மட்டும் முழுசாக ஓடவிடுங்கள் என்று என் தொழில் நண்பர்களைக் கேட்டுக்கொள்கிறேன். இப்போது போன்கூடப் போதும். ஆட்டக்காரர் முன்னே வந்தால் கேமராவும் பின்னே நகர வேண்டியதில்லை, அவர் போகிற தூரத்துக்கு முன்கூட்டியே இடம் விட்டு வைத்தால் போதும். வெயில் எந்தப் பக்கம் விழும் என்று மட்டும் பார்த்துக்கொள்ள வேண்டும்.

அடுத்தது பழைய கேசட்டுகள். 1990களில் நம் பக்கத்துக் கல்யாணத்திலும் நோம்பியிலும் எடுத்த வி.எச்.எஸ். கேசட்டுகள் வீட்டுக்கு வீடு பரணில் கிடக்கின்றன. கல்யாண ஊர்வலத்துக்கு முன்னால் ஆடின ஒயிலாட்டம், மாரியம்மன் நோம்பியில் கம்பம் சுற்றி ஆடின ஆட்டம், மால கோயிலுக்கு மாடு கொண்டுபோனது, இவையெல்லாம் அவற்றில் இருக்கின்றன. மாப்பிள்ளை முகத்தைத் தேடி எடுத்த வீடியோவில் ஓரத்தில் ஆடுகிற ஆளாக அவர்கள் இருப்பார்கள். டேப்பில் வெள்ளையாகப் பூஞ்சை பிடித்துவிட்டால் அவ்வளவுதான், வி.சி.ஆரில் போட்டதும் ஹெட்டையும் கெடுத்துவிடும். மழைக்காலத்துக்கு முன்னால் எடுத்துப் பார்த்து, பூஞ்சை இருந்தால் ஓட்டாமல் முதலில் துடைக்க வேண்டும். தெரிந்த ஆளிடம் கொடுத்தால் செய்துவிடுவார்.

கடைசியாக உங்களிடம் ஒரு வேண்டுகோள். ஒவ்வொரு தைப் பொங்கலுக்கும் உங்கள் நாளிதழில் சலகெருது படம் போடுகிறீர்கள். கும்மிப் படமும் போடுகிறீர்கள். கீழே உடுமலை அருகே நடந்த ஆட்டம் என்றோ, கும்மியாடிய பெண்கள் என்றோ ஒரு வரி இருக்கும். வரும் பொங்கலிலிருந்து அந்த வரியில் உருமிக்காரர் பெயரையும், குச்சி பிடித்த பையன்களின் பெயரையும், ஊர்ப் பெயரையும், கூடவே எருதின் பெயரையும் சேர்த்துப் போடுங்கள். எருதுக்கும் பெயர் இருக்கிறது. உங்கள் நிருபர் கேட்டால் சொல்வார்கள்.

என் ஸ்டுடியோவில் நல்ல நிலைமையில் ஓடுகிற வி.சி.ஆர். ஒன்று இருக்கிறது. ஆட்டமோ நோம்பியோ இருக்கிற பழைய கேசட்டை யார் கொண்டுவந்தாலும் காசு வாங்காமல் பென் டிரைவில் மாற்றித் தருகிறேன், ஒரு காப்பி என்னிடமும் இருக்கும். உடுமலையில் விசாரித்தால் கடையைச் சொல்வார்கள். வரும்போது ஊர், வருஷம், ஆடினவர்கள் பெயர் மூன்றையும் ஒரு தாளில் எழுதிக்கொண்டு வரச் சொல்லுங்கள். வீட்டில் பெரியவர்கள் இருந்தால் அவர்களையும் கூட்டிக்கொண்டு வரலாம். ஓடவிட்டுப் பார்க்கும்போது யார் யார் என்று அவர்கள்தான் அடையாளம் சொல்ல முடியும்.

இப்படிக்கு,
வீடியோ எடுக்கும் வாசகர் ஒருவர்,
உடுமலைப்பேட்டை.